பாடும் கல்லின் காலம்: நெல்லையப்பர் இசைத்தூண்கள் பற்றிய ஏழாம் நூற்றாண்டு வாதம்

தட்டினால் சுரம் தரும் கல் என்றதும் தமிழர் நினைவுக்கு முதலில் வருவது திருநெல்வேலி நெல்லையப்பர் கோயில் மணிமண்டபம். அங்கே நடுத்தூணைச் சூழ்ந்து நிற்கும் 48 சிறு தூண்களை ஏழாம் நூற்றாண்டுப் பாண்டியன் நின்றசீர் நெடுமாறன் அமைத்தான் என்று கோயில் வரலாறுகள் கூறுகின்றன. பின்வந்தோர் பலரும் அதையே எடுத்தெழுதுகின்றனர். இக்கட்டுரை அக்காலக் கணிப்பை மறுக்கிறது. யாழ்ப்பாணக் குடாநாட்டு வடமராட்சியின் கரவெட்டியில் இருந்துகொண்டு இதனை நோக்குவோருக்கு மறுப்பின் பயன் தெளிவாகத் தெரியும். அவ்வளவு முன்னரே இசைத்தூண் மரபு பாண்டிநாட்டில் வேரூன்றியிருந்தால், பாண்டியரோடு நெடிய உறவுடைய ஈழத்து வடபுலத்தில் அதன் சுவடு காணப்படாதது பெரும் புதிராகிவிடும். மரபு பிற்பட்டது என்றால் புதிரும் சுருங்கும்.

கட்டடக்கலைச் சான்று நெடுமாறனுக்குச் சாதகமாக இல்லை. அவனுக்கு முன் ஆண்ட மாறன் சேந்தனின் கல்வெட்டுடைய மலையடிக்குறிச்சி முதலிய பாண்டியர் குடைவரைகளில் நாம் காண்பவை கீழும் மேலும் சதுரமும் இடையில் எண்பட்டையுமாக அமைந்த கனத்த தூண்கள். ஒரு தூணைச் சூழ்ந்து மெல்லிய தண்டுகளைக் கொத்தாக நிறுத்தும் முறை விசயநகர, நாயக்கர் காலங்களுக்கு உரியது. ஹம்பி விட்டலர் கோயில், மதுரை மீனாட்சியம்மன் கோயில், ஆழ்வார்திருநகரி, சுசீந்திரம் என இசைத்தூண் உள்ள இடங்கள் எல்லாவற்றிலும் அவ்வடிவமே நிற்கிறது. கோயில் நெடுமாறனுக்கும் முந்தியதாக இருக்கலாம். கோயிலின் பழமை அதன் ஒவ்வொரு மண்டபத்துக்கும் பழமை ஆகாது.

இதற்கு எதிராக நிறுத்தப்படும் வலுவான சான்று புதுக்கோட்டை வட்டாரத்துக் குடுமியான்மலை இசைக் கல்வெட்டு. ஏழாம் நூற்றாண்டில் இசையைப் பாறையில் எழுதியவர்கள் பாறையையே இசைக்கச் செய்திருக்க மாட்டார்களா என்பது வாதம். கேட்பதற்கு இனிது, ஆனால் கல்வெட்டை நின்று படித்தால் அது வேறொன்றைச் சொல்கிறது. பல்லவ கிரந்த எழுத்தில், மத்தியமக்கிராமம் தொடங்கிக் கைசிகம் வரை ஏழு கிராமராகங்களுக்கு ஏழு பகுதிகள். சுரங்கள் நந்நான்காகத் தொகுக்கப்பட்டுள்ளன. ஒவ்வொரு சுரமும் அ, இ, உ, எ என்னும் உயிர்களால் வேறுபடுகிறது. சில எழுத்துகளின் மேல் புள்ளிகளும் உண்டு. இவ்வேறுபாடுகள் நுண்சுருதியைக் குறித்தனவா, விரல் முறையைக் குறித்தனவா என்பது இன்னும் தீரவில்லை. எதுவாயினும், நரம்பை அழுத்தியும் தளர்த்தியும் பெறும் அசைவுக்கு அவை பொருந்தும். அடித்தால் ஒரே சுருதியில் ஒலித்து விரைவில் அடங்கும் கல்லுக்குப் பொருந்தா. இறுதியில் உள்ள தமிழ்த்தொடர் இவை எட்டுக்கும் ஏழுக்கும் உரியன என்கிறது. அவ்வெண்களை யாழ் அல்லது வீணையின் நரம்புகளாகக் கொள்வதே நேரிய பொருள் என்பேன். அண்மையில் உள்ள திருமயத்தில் இசைக்குறிப்போடு வெட்டப்பட்ட பரிவாதினி என்ற பெயரும், வடமொழி நிகண்டுகள் அதனை ஏழு நரம்பு வீணை என்பதும் இதற்குத் துணை. 48 தூண்கள் அத்தனை சுர வேறுபாடுகளுக்கும் போதுமே என்று கேட்கலாம். எண்ணிக்கை போதும், அசைவு போதாது. இதை வெட்டுவித்த மன்னன் உருத்திராசாரியரின் மாணவன் என்று மட்டுமே தன்னைச் சொல்கிறான். பல்லவன் மகேந்திரவர்மன் என்று பலர் துணிந்தாலும் பெயர் அங்கே இல்லை. ஆகவே இக்கல்வெட்டின் காலமே ஐயத்துக்கு இடமானது. அதைக் கொண்டு இன்னொன்றின் காலத்தை நிறுவ முடியாது.

கல்லில் ஓசை உண்டென்ற அறிவு மிகப் பழையது என்பதை நான் மறுக்கவில்லை. ஹம்பிக்குத் தொலைவில்லாத குப்கல் குன்றில், புதிய கற்கால மக்கள் தட்டித் தட்டிக் குழிந்த டோலரைட் பாறைகள் மணிபோல் ஒலிக்கின்றன. 1949இல் வியட்நாம் மலைநாட்டில் கண்டெடுக்கப்பட்ட கற்பலகைகளும் அத்தகைய அறிவின் பயனே. ஆயினும் பாறை ஒலிப்பதை அறிவதும் தூணைச் சுருதிக்குச் செதுக்குவதும் ஒன்றல்ல. ஹம்பித் தூண்களைச் சோதித்த கல்பாக்கம் அணு ஆராய்ச்சி மையத்தினர், தண்டுகள் உட்குழிவற்றவை என்றும் ஓசை அவற்றின் வளைவு அதிர்விலிருந்து பிறக்கிறது என்றும் 2008இல் காட்டினர். அவ்வகை அதிர்வில் நீளம் சற்றுக் கூடினாலே சுருதி பெரிதும் இறங்கும், தடித்தால் ஏறும். ஒரே உயரத் தண்டுகளில் வேறுவேறு சுரம் வேண்டுமாயின் சிற்பி பருமனையும் பட்டையையும் மாற்றியே ஆகவேண்டும். முதலில் அழகுக்காகத் தண்டுக்கொத்தைச் செதுக்கிய கைகள் தற்செயலாக ஓசையைக் கண்டு, பின்னரே அளவிட்டுச் செதுக்கின என்பது என் துணிபு. இடைப்பட்ட படியைக் காட்டும் கல்வெட்டு ஒன்றும் என்னிடம் இல்லை. ஆனால் ஏழாம் நூற்றாண்டு என்போர், தண்டுக்கொத்தே இல்லாத காலத்தில் அதன் ஓசை எங்கிருந்து பிறந்தது என்பதற்கு விடை கூறவேண்டும். நெல்லைத் தூண்களின் ஆண்டை நான் வரையறுக்கவில்லை. பதினைந்தாம் நூற்றாண்டுக்கு முன் கொண்டுபோக வழி காணவில்லை என்றே சொல்வேன்.

இனித் தொடக்கத்தில் சொன்ன ஈழத்துப் புதிருக்கு வருவோம். கரவெட்டியில் கிணறு தோண்டினால் எட்டுவது மயோசீன் காலச் சுண்ணாம்புக்கல். யாழ்ப்பாணக் குடாநாடு முழுவதுக்கும் அடித்தளம் அதுவே. கருங்கல் மிக ஆழத்தில் புதைந்து கிடக்கிறது. சுண்ணாம்புக்கல் ஒலிக்கவே ஒலிக்காது என்று சொல்வதற்கில்லை. ஆனால் பொந்தும் துளையும் மலிந்த இக்கல்லில் ஆளுயர மெல்லிய தண்டுகளைக் கொத்தாக நிறுத்துவது அரிது. நிறுத்தினாலும் அதிர்வு உள்ளே மடிந்துவிடும். வடமராட்சிக் கோயில்களில் இசைத்தூண் இல்லாமைக்கு இதுவே போதிய காரணம் என நினைக்கத் தோன்றும். எனினும் 1619இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றிய போர்த்துக்கேயர் நல்லூர்க் கந்தசுவாமி கோயில் முதலியவற்றை இடித்தனர். திருகோணமலையில் பாறைமேல் நின்ற திருக்கோணேச்சரத்தையும் தகர்த்து அதன் கற்களைக் கோட்டை கட்டப் பயன்படுத்தினர். இன்றைய வடமராட்சிக் கோயில்கள் பெரும்பாலும் அவ்வழிவுக்குப் பிற்பட்டவை. ஆகவே குடாநாட்டைப் பற்றிக் கல்லின் இயல்பை வைத்துப் பேசலாம். கருங்கல் தாராளமாய்க் கிடைத்த திருகோணமலையைப் பற்றி அவ்வளவு உறுதியாகப் பேச முடியாது. திருகோணமலைக் கோட்டைச் சுவர்களில் உள்ள தூண்துண்டுகளைத் தண்டுக்கொத்து வடிவத்துக்காக ஆராய்வதே அடுத்துச் செய்யவேண்டிய வேலை.