ஹெட்செட் ஜாக்கின் வரிசைச் சண்டை

சாகாமத்தில் நாங்க கேம் விளையாடக்குள்ள அடிக்கடி கேட்கிற முறைப்பாடு இது: வெடிச்சத்தம் வருது, கூட்டாளிட குரல் மட்டும் கிணத்துக்குள்ள இருந்து வாற மாதிரி.

ஹெட்செட் பழுதில்லை, பழைய சண்டை ஒண்டு. 19ஆம் நூற்றாண்டுத் தொலைபேசி நிலையங்களில் பிறந்த பிளக்கின் பேரப்பிள்ளைதான் 3.5 மி.மீ. ஜாக். மைக்கும் சேர்ந்தபோது அதில் நாலு உலோகப் பகுதிகள். இடது, வலது காதுகளுக்கான இடங்களில் தகராறில்லை. அடுத்த ரெண்டில் மைக் முதலா, எர்த் முதலா? பழைய நோக்கியாக்கள் மைக்கை முதலில் வைத்தன. அந்த வரிசைக்குப் பேர் ஓஎம்டிபி. ஐபோன் எர்த்தை வைத்தது, அது சிடிஐஏ. பிறகு பெரும்பாலான கம்பனிகள் இதுக்கே மாறிட்டுது.

வரிசை பொருந்தாட்டி எர்த் ஒழுங்காக் கிடைக்காது. ரெண்டு காதுக்கும் பொதுவான சத்தம் அமுங்கிரும். வொய்ஸ் சாட் அப்படிப் பொதுவானதுதான். வயரில் மைக் பட்டன் இருந்தா அமத்திப் பாருங்க. குரல் தெளிஞ்சா, வரிசை மாத்துற அடப்டர் ஒண்டு காணும்.