டவர் ஹாம்லெட்ஸ் பரோ மன்றத் தேர்தல்கள்

டவர் ஹாம்லெட்ஸ் பரோ மன்றத் தேர்தல்கள் என்பன, இங்கிலாந்தின் தலைநகரான இலண்டனின் கிழக்குப் பகுதியில் அமைந்துள்ள டவர் ஹாம்லெட்ஸ் என்னும் பரோவின் உள்ளாட்சி மன்றத்துக்கு நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை நடைபெறும் தேர்தல்கள் ஆகும். முதல் தேர்தல் 1964 ஆம் ஆண்டு மே மாதத்தில் இடம்பெற்றது. 2010 முதல் மன்ற உறுப்பினர்களுடன், நிருவாக அதிகாரம் கொண்ட மேயரும் மக்களால் நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்படுகிறார். தொழிற்கட்சியின் கோட்டையாகக் கருதப்பட்ட இப்பரோ, அக்கட்சியிடமிருந்து இருமுறை கைமாறியதும், இதன் மேயர் தேர்தல் ஒன்று நீதிமன்றத்தால் செல்லாததாக்கப்பட்டதும் பிரித்தானிய உள்ளாட்சி வரலாற்றில் அடிக்கடி எடுத்துக்காட்டப்படும் நிகழ்வுகளாகும்.

பின்னணி

இலண்டன் கோபுரத்தைச் சுற்றியிருந்த சிற்றூர்கள் ஒருகாலத்தில் அக்கோபுரத்துக்குக் காவற்படையினரை அனுப்பக் கடமைப்பட்டிருந்தன. பரோவின் பெயர் அதிலிருந்தே வந்தது. 1963 ஆம் ஆண்டின் இலண்டன் அரசாங்கச் சட்டத்தின்படி பெத்னல் கிரீன், பொப்லர், ஸ்டெப்னி ஆகிய மூன்று பழைய பரோக்கள் இணைக்கப்பட்டு, 1965 ஏப்ரல் 1 முதல் புதிய பரோ செயற்படத் தொடங்கியது.

இணைந்த மூன்று பரோக்களுக்கும் வலுவான இடதுசாரி மரபு இருந்தது. பொப்லரில் 1919 இல் ஜார்ஜ் லான்ஸ்பரியின் தலைமையில் தொழிற்கட்சி வெற்றி பெற்றது. ஏழைப் பகுதிகளும் செல்வர் வாழும் பகுதிகளும் ஒரே அளவில் வரிச்சுமை தாங்குவது அநீதி என்று வாதிட்ட அம்மன்றம், 1921 இல் இலண்டன் மாவட்ட மன்றம் முதலியவற்றுக்குச் செலுத்தவேண்டிய தொகையை வசூலிக்க மறுத்தது. இதனால் 30 உறுப்பினர்கள் சிறை சென்றனர். சுமார் ஆறு வாரங்களின் பின் அவர்கள் விடுவிக்கப்பட்டதுடன், செல்வந்தப் பரோக்கள் ஏழைப் பரோக்களின் செலவில் பங்கேற்கும்படி சட்டமும் மாற்றப்பட்டது. ஸ்டெப்னியில் பின்னாளில் பிரதமரான கிளமென்ட் அட்லி 1919-20 இல் மேயராக இருந்தார். அங்கேயே பொதுவுடைமைக் கட்சியின் பில் பிராட்டின் 1937 இல் மன்ற உறுப்பினராகவும், 1945 இல் மைல் எண்ட் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

தேர்தல் முறை

பரோ பல வார்டுகளாகப் பிரிக்கப்பட்டுள்ளது. ஒவ்வொரு வார்டும் ஒன்று முதல் மூன்று உறுப்பினர்களைத் தேர்ந்தெடுக்கும். வார்டில் எத்தனை இடங்கள் உள்ளனவோ அத்தனை வாக்குகள் ஒருவருக்கு உண்டு. இம்முறையில் சிறிய முன்னிலை பெறும் கட்சிகூட வார்டின் எல்லா இடங்களையும் பெற்றுவிடலாம். முதலில் 60 ஆக இருந்த உறுப்பினர் எண்ணிக்கை 1978 இல் 50 ஆகவும், 2002 இல் 51 ஆகவும், 2014 இல் 45 ஆகவும் மாறியது. பிரித்தானியாவில் சட்டப்படி வசிக்கும் பொதுநலவாய நாட்டுக் குடிமக்கள் வாக்களிக்க உரிமை பெற்றிருப்பதால், வங்காளதேசத்தின் சில்ஹெட் பகுதியிலிருந்து வந்து குடியேறியோர் தொடக்கத்திலேயே வாக்காளராக முடிந்தது. இதைக் கருத்திற் கொள்ளாமல் பரோவின் பிற்கால முடிவுகளை விளங்கிக்கொள்ள இயலாது. 2021 கணக்கெடுப்பில் 310,306 ஆக இருந்த மக்கள்தொகையில் மூன்றில் ஒரு பங்கினருக்கும் சற்று அதிகமானோர் வங்காளதேச வழியினராவர்.

தொழிற்கட்சியின் காலமும் லிபரல்களின் எழுச்சியும்

1964 இலிருந்து தொழிற்கட்சி பெரும் பெரும்பான்மையுடன் ஆண்டது. தொடக்க ஆண்டுகளில் அதற்கு வெளியே குறிப்பிடத்தக்கதாக இருந்தது பொதுவுடைமைக் கட்சியே. பழமைவாதக் கட்சிக்கு இங்கு ஏறத்தாழ இடமே இல்லை. 1978 இல் போ பகுதியில் லிபரல்கள் 7 இடங்களைப் பிடித்தனர். நடைபாதைப் பழுது, குப்பை அகற்றல், வாடகை வீடுகளின் சீர்கேடு போன்ற தெருமட்டச் சிக்கல்களை முன்வைத்துச் செய்த பரப்புரையே அவர்களின் பலம். 1986 இல் லிபரல்கள் 26 இடங்களும் தொழிற்கட்சி 24 இடங்களும் பெற, ஆட்சி மாறியது. 1990 இல் லிபரல் டெமாக்ரட் கட்சி 30 இடங்களுடன் தன் நிலையை உயர்த்திக்கொண்டது.

புதிய ஆட்சி மன்றத்தின் பணிகளை ஏழு அண்டையகப் பகுதிகளுக்குப் பகிர்ந்தளித்தது. ஒவ்வொரு பகுதியையும் அங்குப் பெரும்பான்மை பெற்ற கட்சியே நிருவகித்தது. ஆகவே மன்றத்தில் எதிர்க்கட்சியான தொழிற்கட்சி சில பகுதிகளில் ஆளும் கட்சியாகவும் இருந்தது. அதிகாரப் பரவலாக்கல் ஆய்வுகளில் இம்முயற்சி இன்றும் பேசப்படுகிறது. ஆனால் வீட்டு ஒதுக்கீட்டில் நீண்டகால வாசிகளின் பிள்ளைகளுக்கு முன்னுரிமை தந்த திட்டம், புதிதாகக் குடியேறிய வங்காளதேசக் குடும்பங்களைப் புறந்தள்ளுவதாகக் கடும் கண்டனத்துக்கு உள்ளானது.

1993 மில்வால் இடைத்தேர்தல்

டாக்ஸ் தீவில் அமைந்த மில்வால் வார்டில் 1993 செப்டம்பர் 16 அன்று நடந்த இடைத்தேர்தல் நாடெங்கும் அதிர்ச்சியை ஏற்படுத்தியது. கப்பல் துறைகள் மூடப்பட்டதால் வேலை இழந்த அப்பகுதியில் கனரி வார்ஃப் அலுவலகக் கோபுரங்கள் எழுந்துகொண்டிருந்தன. உள்ளூர் மக்களுக்கோ வீடு கிடைப்பது அரிதாக இருந்தது. இப்பற்றாக்குறையை இனப்பகையாகத் திருப்பிய பிரித்தானியத் தேசியக் கட்சியின் டெரெக் பீக்கன் 1,480 வாக்குகள் பெற்று, 7 வாக்குகள் வித்தியாசத்தில் தொழிற்கட்சி வேட்பாளரைத் தோற்கடித்தார். அது அத்தீவிர வலதுசாரிக் கட்சி வென்ற முதல் மன்ற இடமாகும்.

உள்ளூர் லிபரல் டெமாக்ரட் கிளைகள் வெளியிட்ட துண்டுப்பிரசுரங்கள் இனவெறிக்குத் தீனி போட்டனவா என்பதை ஆராய, அக்கட்சியே ஆந்தனி லெஸ்டர் தலைமையில் விசாரணை நடத்தியது. விசாரணையின் முடிவு உள்ளூர்க் கிளைக்குச் சாதகமாக அமையவில்லை. 1994 மே தேர்தலில் பீக்கன் முன்னரைவிட அதிக வாக்குகள், அதாவது 2,000 க்கு மேல், பெற்றும் தோற்றார். அவருக்கு எதிராக வாக்களிக்க வந்தவர்களின் எண்ணிக்கை அதைவிடப் பெருமளவு உயர்ந்திருந்ததே காரணம். அவருடைய ஆதரவு குறைந்ததால் அவர் தோற்றார் என்று சில நூல்களில் காணப்படும் கூற்று சரியன்று. பரோ முழுவதிலும் தொழிற்கட்சி 43 இடங்களுடன் ஆட்சிக்குத் திரும்பியது. லிபரல் டெமாக்ரட் கட்சிக்கு 7 இடங்களே எஞ்சின.

ரெஸ்பெக்ட் கட்சியும் மேயர் பதவியும்

1998, 2002 தேர்தல்களில் தொழிற்கட்சியே வென்றது. ஈராக்குப் போர் இந்நிலையைக் குலைத்தது. போரை எதிர்த்து உருவான ரெஸ்பெக்ட் கட்சியின் ஜார்ஜ் காலவே 2005 இல் பெத்னல் கிரீன் மற்றும் போ நாடாளுமன்றத் தொகுதியில் வென்றார். அடுத்த ஆண்டு மன்றத் தேர்தலில் அக்கட்சி 12 இடங்கள் பெற்றது. தொழிற்கட்சி 51 இல் 26 இடங்களுடன் நூலிழையில் தப்பியது. 2010 மே மாதம் நாடாளுமன்றத் தேர்தலுடன் ஒரே நாளில் நடந்த மன்றத் தேர்தலில் தொழிற்கட்சி 41 இடங்கள் பெற, ரெஸ்பெக்டுக்கு ஒரே ஓர் இடம் கிடைத்தது. ஆனால் அக்கட்சி முன்னின்று வலியுறுத்திய நேரடி மேயர் முறை, அதே நாள் பொதுவாக்கெடுப்பில் சுமார் 60 விழுக்காட்டினரால் ஏற்கப்பட்டது.

2010 அக்டோபர் 21 இல் நடந்த முதல் மேயர் தேர்தலுக்கு முன்னாள் மன்றத் தலைவர் லுத்ஃபுர் ரகுமானைத் தொழிற்கட்சி உறுப்பினர்கள் வேட்பாளராகத் தேர்ந்தெடுத்தனர். கட்சியின் தேசியச் செயற்குழு அவரை நீக்கி ஹெலால் அப்பாசை நிறுத்தியது. சுயேச்சையாகப் போட்டியிட்ட ரகுமான் 23,283 வாக்குகளுடன் முதற் சுற்றிலேயே வென்றார். வாக்காளர்களில் நான்கில் ஒரு பங்கினரே வாக்களித்திருந்தனர்.

2014 தேர்தலும் அதன் செல்லாமையும்

2014 மே 22 மேயர் தேர்தலில் ரகுமான் தமது டவர் ஹாம்லெட்ஸ் ஃபர்ஸ்ட் கட்சி சார்பில் நின்று, இரண்டாம் விருப்ப வாக்குகளும் எண்ணப்பட்டபின் 37,395 வாக்குகள் பெற்றார். தொழிற்கட்சியின் ஜான் பிக்ஸ் 34,143 வாக்குகள் பெற்றார். மன்றத்தில் தொழிற்கட்சிக்கு 22 இடங்களும், ரகுமானின் கட்சிக்கு 18 இடங்களும், பழமைவாதக் கட்சிக்கு 5 இடங்களும் கிடைத்தன.

பரோவின் வாக்காளர்கள் நால்வர் தேர்தல் மனு தாக்கல் செய்தனர். பிரித்தானியச் சட்டப்படி இத்தகைய மனுவைத் தொடுப்போர் செலவைத் தாமே ஏற்கவேண்டும். தோற்றால் எதிர்த்தரப்பின் செலவும் அவர்கள் தலையில் விழலாம். 2015 ஏப்ரல் 23 அன்று தேர்தல் நீதிமன்ற ஆணையாளர் ரிச்சர்ட் மோரி தேர்தலைச் செல்லாததாக்கினார். ஆள்மாறாட்டம், அஞ்சல் வாக்கு முறைகேடு, எதிர் வேட்பாளரை இனவெறியர் எனப் பொய்யாகக் கூறியமை, மானியங்கள் வழியாகக் கையூட்டு ஆகியன மெய்ப்பிக்கப்பட்டதாக அவர் முடிவு செய்தார். வாக்குச்சாவடிகளில் அச்சுறுத்தல் என்ற குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்படவில்லை. 101 இமாம்கள் கையொப்பமிட்டு வங்காள மொழி இதழொன்றில் வெளியான கடிதத்தை "முறையற்ற ஆன்மிகச் செல்வாக்கு" எனக் கொண்டது தீர்ப்பின் மிகவும் விவாதிக்கப்பட்ட பகுதியாகும். 19 ஆம் நூற்றாண்டில் அயர்லாந்தின் கத்தோலிக்கக் குருமாரை மனத்திற் கொண்டு எழுந்த இவ்விதி, நெடுங்காலம் பயன்படுத்தப்படாதிருந்தது. ரகுமான் 2021 வரை தேர்தலில் நிற்கத் தடைசெய்யப்பட்டார். அவர் குற்றச்சாட்டுகளை மறுத்தார். பின்னர் நடந்த காவல்துறை விசாரணைகள் அவர்மீது குற்றவியல் வழக்காக உருப்பெறவில்லை. தேர்தல் நீதிமன்றம் குற்றவியல் நீதிமன்றம் அன்று என்பதால் இவ்விரண்டும் ஒன்றுக்கொன்று முரணானவை அல்ல.

பிந்தைய தேர்தல்கள்

2015 சூன் 11 இல் நடந்த மறுதேர்தலில் ஜான் பிக்ஸ் வென்றார். 2018 இலும் அவரே வெல்ல, மன்றத்தில் தொழிற்கட்சி 45 இல் 42 இடங்களைப் பெற்றது. 2021 மே மாதப் பொதுவாக்கெடுப்பில் நான்கில் மூன்று பங்குக்கும் அதிகமானோர் மேயர் முறையைத் தொடர விரும்பினர். தடை முடிந்து 2022 மே 5 தேர்தலில் போட்டியிட்ட ரகுமான், 40,804 வாக்குகள் பெற்றுப் பிக்சைத் (33,487) தோற்கடித்தார். அவருடைய ஆஸ்பயர் கட்சி 24 இடங்களுடன் மன்றத்தையும் கைப்பற்றியது. தொழிற்கட்சிக்கு 19 இடங்களும், பழமைவாதக் கட்சிக்கும் பசுமைக் கட்சிக்கும் ஒவ்வோர் இடமும் கிடைத்தன. 2024 நவம்பரில், மன்றத்தின் ஆட்சிமுறை குறித்த ஆய்வறிக்கையைத் தொடர்ந்து, அமைச்சரகத் தூதர்களை அங்கு அனுப்பப்போவதாக நடுவண் அரசு அறிவித்தது.

தேசியச் சட்டங்களில் தாக்கம்

2015 தீர்ப்பின் பின்னர் தேர்தல் முறைகேடுகள் பற்றி ஆராயும் பணி எரிக் பிக்கிள்சிடம் ஒப்படைக்கப்பட்டது. அவரது 2016 அறிக்கையை அடியொற்றி 2022 ஆம் ஆண்டின் தேர்தல் சட்டம் வாக்குச்சாவடியில் புகைப்பட அடையாள அட்டையைக் கட்டாயமாக்கியது. மே 2023 உள்ளாட்சித் தேர்தல்களில் இங்கிலாந்தில் அது முதன்முறை நடைமுறைக்கு வந்தது. மேயர் தேர்தல்களில் இரண்டாம் விருப்ப வாக்கையும் அதே சட்டம் நீக்கியது. வாக்களிக்கும் ஒருவருக்கு அருகில் நின்று அவருடைய வாக்கைக் கட்டுப்படுத்த முயல்வதை 2023 ஆம் ஆண்டின் வாக்கு இரகசியச் சட்டம் குற்றமாக்கியது.