சாரையும் ஈசலும்: ஸாய் விட்டேக்கரின் சித்திர நூல் ஒன்றைப் பற்றிய மறுவாசிப்பு

விலக்கி வைக்கப்பட்ட சிறுவன் ஒருவன் ஏதேனும் ஒரு சாகசத்தால் தன் உபயோகத்தை நிரூபித்த பின்னரே சகமாணவரின் நேசத்துக்கு உரியவனாகிறான் என்றும், அவ்வாறு கிடைக்கும் நேசம் நிபந்தனைக்கு உட்பட்டதாகையால் அதனைச் சமத்துவம் என்று கொண்டாடலாகாது என்றும் குழந்தை நூல்களைப் பற்றிக் கூறும் விமர்சன மரபு ஒன்று உண்டு. ஸாய் விட்டேக்கர் ஆங்கிலத்தில் எழுதி, ஸ்ரீவித்யா நடராஜன் சித்திரம் தீட்ட, சென்னைத் தூலிகா பதிப்பகம் 2000-ஆம் ஆண்டையொட்டி வெளியிட்ட, காளி என்னும் இருளர் பழங்குடிச் சிறுவனையும் ஒரு சாரைப்பாம்பையும் தலைப்பில் கொண்ட நூலையும் இந்த வரிசையில் சேர்த்துப் படிப்பதே வழக்கமாகிவிட்டது. அம்மரபின் பொதுக் கொள்கையோடு எனக்குப் பிணக்கில்லை. ஆனால் இந்நூலுக்கு அது பொருந்தாது என்பதும், பொருந்தாமைக்குரிய காரணம் நூலின் தலைப்பிலேயே இருக்கிறது என்பதும் என் அபிப்பிராயம்.

கதை சிறியது. காளியின் தகப்பனார் பாம்பு பிடிப்பதில் கைதேர்ந்தவர். வீட்டில் அது பெருமைக்குரிய விஷயம், பள்ளிக்கூடத்திலோ விநோதம். அவன் தின்பண்டமாகக் கொண்டுவரும் வறுத்த ஈசலைக் கண்டால் மற்றப் பிள்ளைகள் அருவருக்கிறார்கள். ஒருநாள் வகுப்பறைக்குள் சாரைப்பாம்பு ஒன்று வந்துவிட, எல்லோரும் அலற, காளி அதனைப் பிடிக்கிறான். அவனுடைய தனிமையும் அன்றோடு தீர்கிறது. இதில் அவன் ஓர் ஆபத்தை நீக்கினான், அதற்குக் கைம்மாறாக வகுப்பு அவனை ஏற்றுக்கொண்டது என்பதே முந்தைய விமர்சகர்கள் கொண்ட பொருள்.

நீக்கப்பட்ட அந்த ஆபத்து யாது என்று அவர்கள் வினவவில்லை. சாரைக்கு விஷமில்லை. நெருக்கினால் சீறும், கடிக்கவும் கூடும். ஆனால் அக்கடியால் உயிர் போகாது. வயலெலியைத் தின்று குடியானவனுக்கு உபகாரம் செய்து வாழும் பிராணி அது. அதை நாகத்தின் ஆண் என்று எண்ணி அஞ்சும் நம்பிக்கை நம் கிராமங்களில் இன்றும் வழங்குகிறதாயினும், அவ்வச்சத்துக்கு ஆதாரம் ஏதுமில்லை. கதையை விறுவிறுப்பாக்குவது மட்டுமே ஆசிரியையின் நோக்கமாக இருந்திருக்குமாயின் நல்லபாம்பையோ கண்ணாடிவிரியனையோ வகுப்பறைக்குள் அனுப்பியிருக்கலாம். அவற்றை அறியாதவரல்லர் அவர்.

அவருடைய வாழ்க்கை வரலாறு நமக்கு உதவுவது இவ்விடத்தில்தான். பம்பாயில் பறவையியலறிஞர் ஜாபர் புதேஹல்லியின் மகளாக, சலீம் அலியின் உறவினர் குடும்பத்தில் வளர்ந்த ஸாய், பாம்பியலறிஞர் ரோமுலஸ் விட்டேக்கரை மணந்து சென்னையை அடுத்த கடற்கரைக்கு வந்து, 1976-இல் மாமல்லபுரம் சாலையிலுள்ள வடநெம்மேலியில் முதலைப் பண்ணையை நிறுவியவர்களுள் ஒருவரானார். அந்த ஆண்டிலேயே பாம்புத்தோல் ஏற்றுமதி தடைசெய்யப்பட்டது. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தால் ஏற்கெனவே நலிந்திருந்த, தோலுக்காகப் பாம்பு பிடித்து வாழ்ந்த இருளரின் ஜீவனம் அதனால் அடியோடு அற்றுப்போயிற்று. சிங்கப்பெருமாள் கோயிலிலிருந்து தென்கிழக்கே திருக்கழுக்குன்றம், மாமல்லபுரம் வரையிலுள்ள ஏரிக்கரைகளிலும் முட்புதர்க் காடுகளிலும் சிதறி வாழ்ந்து, மாசி மகத்தன்று மாமல்லபுரத்துக் கடற்கரையில் ஒன்றுகூடிக் கன்னியம்மனை வழிபடும் அம்மக்களுக்காக 1978-இல் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. பிடித்த பாம்புகளை மண்பானைகளில் இட்டு, வாயைத் துணியால் கட்டி, சில வாரங்கள் வைத்திருந்து விஷமெடுத்தபின் காட்டிலேயே விட்டுவிடுவது அங்குள்ள முறை. அங்கே விஷமெடுக்கப்படுபவை நான்கு: நாகம், கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன். தோல் வியாபாரக் காலத்தில் பெருந்தொகையாக உரிக்கப்பட்ட சாரைக்கு இப்புதிய ஏற்பாட்டில் இடமில்லை. அதனிடம் எடுப்பதற்கு விஷமில்லை.

ஆகவே, இருளரின் திறமைக்கு உலகம் விலை கொடுக்கும் நான்கு பாம்புகளையும் ஒதுக்கிவிட்டு, விலையேதுமற்ற ஐந்தாவதொன்றை, அந்த விவரங்களை அன்றாடம் கண்ணெதிரே கண்ட ஓர் ஆசிரியை தேர்ந்தெடுத்தார் என்றால், அத்தேர்வை யதேச்சையானது என்று கொள்வது கடினம். காளி வகுப்பைக் காப்பாற்றவில்லை. காப்பாற்ற வேண்டிய அபாயமே அங்கில்லை. வகுப்பு அஞ்சியது தீங்கற்ற ஒன்றைக் கண்டு. அதே வகுப்பு அதற்கு முன்பு அருவருத்ததும் தீங்கற்ற ஒன்றைத்தான்: ஒரு கைப்பிடி ஈசலை. அறியாமையால் அஞ்சப்படும் சாரையும், அறியாமையால் ஒதுக்கப்படும் சிறுவனும் கதையில் ஒரே ஸ்தானத்தில் நிற்கிறார்கள். அவ்விருவரில் ஒருவரை மற்றவர் கையில் ஏந்திக் காட்டும்போது பிள்ளைகள் கற்றுக்கொள்வது அவன் உபயோகமானவன் என்பதை அன்று, தாங்கள் அஞ்சியது வீண் என்பதையே.

ஈசலை இங்கே வெறும் அலங்காரம் என்று தள்ளிவிடக் கூடாது. மழை விட்ட அந்தியில் புற்றின் வாயருகே விளக்கை வைத்து, ஒளியை நாடி எழும் ஈசலை வாரி, சிறகு போக்கி, உலர்த்தி, வறுத்து உண்பது இவ்வட்டாரத்தில் பழைய வழக்கம். அதே புற்றுக்கு மஞ்சளும் குங்குமமும் சாத்திப் பால் வார்க்கும் சமூகம், அதிலிருந்து உணவு கொள்பவனை மட்டும் எட்டி நிற்கச் சொல்கிறது. ஸாய் பிற்காலத்தில் இருளரைப் பற்றி எழுதிய நாவலுக்கு ‘டெர்மைட் ஃப்ரை’, அதாவது ஈசல் வறுவல் என்றே பெயரிட்டதும், சித்திரம் தீட்டிய ஸ்ரீவித்யா நடராஜனே அம்பேத்கர் சந்தித்த தீண்டாமைக் கொடுமைகளைச் சித்திரக்கதையாக்கிய ‘பீமாயணம்’ (2011) நூலின் ஆசிரியர் இருவருள் ஒருவரானதும், உணவும் பள்ளியும் சந்திக்கும் இடமே இந்நூலின் மையம் என்ற என் துணிபுக்கு அரண் செய்கின்றன. பின்னர் நிகழ்ந்தவற்றைக் கொண்டு முன்னதை முற்றாக நிறுவ இயலாது என்பதை அறிவேன். எனினும் இரண்டு சான்றுகளும் ஒரு திசையையே காட்டுகின்றன.

ஆட்சேபங்கள் உண்டு. சாரைக்கு விஷமில்லை என்பது சிறு பிள்ளைக்கு எவ்வாறு தெரியும் என்பர். செங்கல்பட்டுச் சீமையில் வயலோரம் வளர்ந்த பிள்ளைக்கு அதை எவரும் கற்பிக்க வேண்டியதில்லை, நகரத்துப் பிள்ளையோ நூலை மூடியபின் கேட்டுத் தெரிந்துகொள்ளும். ஆசிரியை அயலார், ஆங்கிலத்தில் எழுதுபவர் என்பர். பிறந்த ஊரைக் கொண்டு நூலை நிறுப்பது விமர்சனமாகாது. கனமான ஆட்சேபம் ஒன்றே: எப்படிப் பார்த்தாலும் காளி ஏதோ ஒன்றைச் செய்து காட்டிய பிறகன்றோ தோழமை பெறுகிறான் என்பது. இது மெய், கதையின் கட்டுமானத்திலுள்ள இக்குறையை என் வாசிப்பு முழுவதும் போக்கிவிடாது. ஆயினும், பயன்பட்டதால் மதிக்கப்படுவது வேறு, அறியப்பட்டதால் மதிக்கப்படுவது வேறு. முன்னது பயன் தீர்ந்ததும் தீரும். பின்னது ஒருமுறை வாய்த்தபின் எளிதில் மறையாது.

விலங்குகளைக் காக்கும் பணிக்கிடையே ஓய்வு நேரத்தில் விளைந்த உபதொழிலாக ஸாய் விட்டேக்கரின் குழந்தை இலக்கியத்தைக் கருதுவது இனியும் தகாது. கூட்டுறவுச் சங்கம் இருளரின் அறிவுக்குச் சந்தையில் ஒரு விலையைப் பெற்றுத் தந்தது, அது வேண்டியதே. ஆனால் செங்கற்சூளைகளிலும் அரிசி ஆலைகளிலும் கொத்தடிமைகளாய் உழன்ற குடும்பங்களிலிருந்து முதன்முதலாக வகுப்பறைக்குள் அடியெடுத்து வைக்கும் பிள்ளைக்கு வேண்டியது விலையன்று, மரியாதை. விலை பெறாத பாம்பு ஒன்றைக் கதைக்குள் கொணர்ந்ததன் வாயிலாகச் சங்கத்தால் செய்யவியலாத அப்பணியை இச்சிறு நூல் மேற்கொண்டது. நம் ஆசிரியர்கள் இதனைத் துணிச்சலுக்குப் பாராட்டு வழங்கும் கதையாகக் கற்பிப்பதை விடுத்து, அடுத்தவன் உணவைக் கண்டு முகம் சுளித்த வகுப்பின் கதையாகக் கற்பிக்கத் தொடங்குவார்களாயின் அதன் தாத்பரியம் நிறைவேறும்.