திருத்துவோனைத் திருத்துவோன் யார்?

கணினியைப் பயன்படுத்துவோர் பலரும், மாலையில் வேலையை முடித்து இயந்திரத்தை நிறுத்தப் போகும் வேளையில், புதுப்பித்தல் நடைபெறுகின்றது, மின்சாரத்தை நிறுத்தாதீர் என்னும் பொருள்பட ஓர் அறிவிப்புத் திரையில் தோன்றக் கண்டிருப்பர். சிலர் காத்திருப்பர், பலர் சலித்துக்கொள்வர். அவ்வேளையில் உள்ளே வேலை செய்வது யார், அவ்வேலையை அவரிடம் ஒப்படைத்தது யார் என்று வினவுவோர் மிகச் சிலரே. மைக்ரோசாப்ட் நிறுவனத்தாரின் விண்டோஸ் என்னும் இயக்க அமைப்பில் இப்பணியைச் செய்வன நூலகக் கோப்புகள் எனப்படும் ஒரு சிறு கூட்டமே. அவற்றின் வரலாறு கால் நூற்றாண்டுக்குச் சற்று மேற்பட்டது. ஆயினும், விலை கொடுத்து வாங்கியவன் தன் பொருளுக்கு எந்த அளவு உடையவன் என்னும் பழைய வழக்கு அதனுள் கிடக்கின்றது. அதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

நூலகக் கோப்பு என்பது யாது? வகுப்பறை ஒன்றை மனத்திற் கொள்வோம். மாணாக்கர் நாற்பதின்மருக்கும் தனித்தனியே அகராதி வாங்கிக் கொடுக்கப் பணமும் இல்லை, மேசையில் இடமும் இல்லை. எனவே ஆசிரியர் ஓர் அகராதியை அலமாரியில் வைத்து, வேண்டியவர் வேண்டியபோது எடுத்துப் பார்த்துவிட்டு அவ்விடத்திலேயே வைக்குமாறு பணிக்கின்றார். கணினியிலும் இதே ஏற்பாடுதான். திரையில் எழுத்தைத் தீட்டுதல், கோப்பைத் திறத்தல், அச்சிடுதல் முதலிய பொது வேலைகளை ஒவ்வொரு நிரலும் தன்னகத்தே எழுதி வைத்துக்கொள்ளாமல், பொதுவில் வைத்த ஒரு கோப்பினைத் தேவை நேரும்போது அழைத்துக்கொள்கின்றது. நிரல் ஓடும்போதே வந்து இணையும் நூலகம் என்பது இதன் பெயர்ப்பொருள். ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துக்களைக் கொண்டு டிஎல்எல் என்பர். இக்கருத்து மைக்ரோசாப்டின் கண்டுபிடிப்பு அன்று. 1960களில் அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தார் பிறரோடு சேர்ந்து உருவாக்கிய மல்டிக்ஸ் என்னும் அமைப்பிலேயே இது இருந்தது. 1985ஆம் ஆண்டு நவம்பரில் விண்டோஸின் முதற் பதிப்பு வெளிவந்தபோது அதனை ஓட்டுவதற்கு 256 கிலோபைட் நினைவகம் போதும் என்றார்கள். இன்று நாம் எடுக்கும் ஒரு நிழற்படத்திற்கே அது பற்றாது. அன்று நினைவகம் பஞ்சகாலத்து அரிசி. பங்கிட்டுக்கொள்வதைத் தவிர வேறு வழியில்லை.

பொதுவில் வைத்த பொருளுக்கு வரும் கேடு இதற்கும் வந்தது. 1990களில் ஒருவர் புதிய நிரல் ஒன்றை வாங்கித் தம் கணினியில் ஏற்றுவார். அந்நிரல் தன்னோடு கொண்டுவந்த நூலகக் கோப்பினை, ஏற்கனவே அங்கிருந்த அதே பெயருடைய கோப்பின் மேல் எழுதிவிடும். கொண்டுவந்தது பழைய பதிப்பாயின், நேற்றுவரை ஒழுங்காக ஓடிய வேறொரு நிரல் இன்று ஓடாது. அலமாரியிலிருந்த அகராதியை ஒரு மாணாக்கன் எடுத்துச் சென்று, அதற்குப் பதில் ஏடு கிழிந்த பழைய பதிப்பை வைத்துவிட்டது போன்ற நிலை. கணினித் துறையினர் இத்துன்பத்தை டிஎல்எல் நரகம் என்றே அழைத்தனர். 2000ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளிவந்த விண்டோஸ் 2000 இதற்கு ஒரு காவல் செய்தது. முக்கியமான கோப்புகளின் படிகளைத் தனியே ஓரிடத்தில் வைத்துக்கொண்டு, எவரேனும் மாற்றினால் பழைய நிலைக்கே மீட்டுவிடும். அன்று முதல் அக்கோப்புகளை மாற்றும் உரிமை ஒரு சில கைகளுக்கே உரியதாயிற்று. அவற்றுள் தலையாயது புதுப்பிக்கும் கை.

அதன் தொடக்கம் எளியது. 1998ஆம் ஆண்டு ஜூன் மாதம் வெளிவந்த விண்டோஸ் 98உடன், விண்டோஸ் அப்டேட் என்னும் இணையத்தளம் திறக்கப்பட்டது. அதற்கு முன்னர் திருத்தங்கள் பெரும்பாலும் வட்டுக்களிலும், தேடிச் சென்று இறக்கிக்கொள்ளும் கோப்புகளாகவுமே கிடைத்தன. இத்தளத்திற்குச் சென்றவரின் கணினியில் என்ன குறை என்று பார்த்து, வேண்டியவற்றை அது பட்டியலிட்டது. போகலாம், போகாதிருக்கலாம், எடுக்கலாம், எடுக்காதிருக்கலாம். 2000ஆம் ஆண்டு செப்டம்பரில் வந்த விண்டோஸ் மீ பதிப்பில் முறை மாறியது. நாம் போக வேண்டியதில்லை, அதுவே வரும். தானியங்குப் புதுப்பித்தல் என்பது அங்குத்தான் பிறந்தது.

2001ஆம் ஆண்டு அக்டோபரில் எக்ஸ்பி பதிப்பு வெளிவந்தது. அதன்பின் சில ஆண்டுகளில் இவ்வேலையைப் பகிர்ந்துகொண்ட கோப்புகளின் பெயர்களில் பெரும்பாலானவை டபிள்யூ, யூ என்னும் இரண்டு எழுத்துக்களில் தொடங்கும். டபிள்யூயூஏயூஇஎன்ஜி என்பது எஞ்சின். என்னென்ன திருத்தங்கள் தேவை என்று ஆராய்ந்து, கொணர்ந்து, ஏற்றுவது அதுவே. டபிள்யூயூஏபிஐ என்பது பிற நிரல்கள் அந்த எஞ்சினோடு பேசுவதற்கு வாயில். பயனர் காணும் சாளரங்களுக்கு ஒரு கோப்பு, சாதன இயக்கிகளுக்கு ஒரு கோப்பு, ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குச் செய்தி கடத்த டபிள்யூயூபிஎஸ், டபிள்யூயூபிஎஸ்2 என இரண்டு. இப்பெயர்கள் வாய்க்கு இனியன அல்ல. எனினும் அவற்றுள் கடைசியாகச் சொன்ன சிறு கோப்பினை வாசகர் நினைவிற் கொள்ளுமாறு வேண்டுகிறேன். பின்னர் அது நம்மிடம் திரும்பி வரும்.

2003ஆம் ஆண்டு ஜூலை 16ஆம் நாள் மைக்ரோசாப்ட் நிறுவனத்தார் ஒரு பெரும் ஓட்டையை அடைக்கும் திருத்தத்தை வெளியிட்டனர். ஆகஸ்ட் 11ஆம் நாள், அதே ஓட்டையின் வழியே பிளாஸ்டர் என்னும் புழு நிரல் உலகெங்கும் பரவியது. இடையில் இருபத்தாறு நாட்கள். மருந்து கடையில் இருந்தது, குடித்தவர் சிலரே. அப்புழு ஆகஸ்ட் 16 முதல் புதுப்பிப்புத் தளத்தின் முகவரி ஒன்றின் மீது தாக்குதல் நடத்துமாறு பணிக்கப்பட்டிருந்தது. நோயாளியைத் தாக்கியதோடு நில்லாமல் மருத்துவமனைக்குச் செல்லும் சாலையையும் அடைக்கப் பார்த்தது. நற்பேறாக, அந்த முகவரி உண்மையான தளத்திற்கு வழிகாட்டும் கைகாட்டி மட்டுமே. நிறுவனத்தார் கைகாட்டியைப் பிடுங்கிவிட்டனர், தாக்குதல் பயனற்றுப் போயிற்று. அவ்வாண்டு அக்டோபர் முதல் மாதந்தோறும் இரண்டாம் செவ்வாய்க்கிழமை திருத்தங்களை வெளியிடும் வழக்கம் ஏற்பட்டது. அமெரிக்காவில் செவ்வாய் காலை என்பது நமக்குப் புதன் பின்னிரவு. அதனாலேயே நம் நாட்டு அலுவலகங்களில் புதன்கிழமைக் காலையில் கணினிகள் சோம்பித் திறக்கின்றன. 2004ஆம் ஆண்டு ஆகஸ்டில் வந்த எக்ஸ்பியின் இரண்டாம் திருத்தத் தொகுப்பு, தானியங்குப் புதுப்பித்தலை இயக்கி வைக்குமாறு பயனரை வற்புறுத்தியது. பிளாஸ்டர் படிப்பித்த பாடத்திற்குப் பின் அதனைக் குறை கூற எவராலும் இயலாது.

இனி, இவ்வரலாற்றின் நடுநாயகமான நிகழ்ச்சிக்கு வருவோம். அன்றைய விண்டோஸ் பயனருக்கு நான்கு வழிகளைக் கொடுத்திருந்தது: யாவற்றையும் தானே செய்துகொள், கொணர்ந்து வை, ஆனால் என்னைக் கேட்டு ஏற்று, செய்தி மட்டும் சொல், ஒன்றும் செய்யாதே. இரண்டாவதையும் மூன்றாவதையும் தேர்ந்தெடுத்தவர், என் அனுமதியின்றி என் இயந்திரத்தில் ஒரு கோப்பையும் மாற்றாதே என்றே கூறியவர். 2007ஆம் ஆண்டு செப்டம்பரில், அத்தகையோரின் கணினிகளில் ஒன்பது கோப்புகள் ஓசையின்றி மாறியிருப்பது வெளிப்பட்டது. அவ்வொன்பதும் வேறெவையும் அல்ல. புதுப்பிக்கும் வேலையைச் செய்யும் கோப்புகளே. திருத்துவோன் எவரையும் கேளாமல் தன்னைத்தானே திருத்திக்கொண்டான்.

நிறுவனத்தார் கூறிய விடை இது: புதுப்பிக்கும் எஞ்சின் பழையதாகிவிட்டால், புதிய திருத்தம் வந்திருக்கின்றது என்ற செய்தியைக்கூட அதனால் கொண்டுவர இயலாது, செய்தி சொல் என்று கேட்டவருக்குச் செய்தி சொல்லும் ஆற்றலைக் காப்பதற்காகவே இதனைச் செய்தோம், எல்லாவற்றையும் அறவே நிறுத்தி வைத்தோரின் கணினியை நாங்கள் தொடவில்லை. இதனைப் பொய்யென்று தள்ளிவிட முடியாது. தபால்காரரின் மிதிவண்டி பழுதானால் கடிதம் வாராது. வண்டியைச் செப்பனிட வீட்டுக்காரரின் அனுமதி எதற்கு என்று அவர்கள் கேட்டார்கள். ஆனால் அந்த வண்டி நிற்பது வீட்டுக்காரரின் முற்றத்தில் என்பதை மறந்தார்கள். இருவர் பக்கமும் வைத்துப் பார்க்குமிடத்து, செய்த செயலில் குற்றம் காண்பதைக் காட்டிலும், சொல்லாமல் செய்ததிலேயே குற்றம் உளது என்பது என் துணிபு. அன்று அந்த மாற்றத்தைக் குறித்து ஓரிரு வரிகளில் முன்கூட்டியே அறிவித்திருந்தால் வழக்கே எழுந்திராது.

ஓசையின்றிச் செய்ததன் விளைவும் விரைவில் தெரிந்தது. எக்ஸ்பி பழுதுபட்டால், மூல வட்டினைக் கொண்டு அதனைச் சீரமைக்கும் வசதி உண்டு. அவ்வாறு சீரமைக்கும்போது கோப்புகள் யாவும் வட்டில் உள்ள பழைய நிலைக்குத் திரும்பும். அமைப்பின் பதிவேடும் அவ்வாறே திரும்பும். ஆனால் டபிள்யூயூபிஎஸ்2 என்னும் சிறு கோப்பு மூல வட்டில் இல்லை. ஆகவே அது கணினியில் நின்றது. பதிவேட்டில் அதன் பெயர் மட்டும் அழிந்தது. ஆள் இருக்கின்றான், இடாப்பில் பெயர் இல்லை. தோட்டத்தில் பெரட்டு எடுத்து வளர்ந்த நமக்கு அந்நிலைமையை விளக்க வேண்டியதில்லை. விளைவாக, ஏறத்தாழ எண்பது பாதுகாப்புத் திருத்தங்கள் இறங்கி வந்தும் ஏற மறுத்தன. தீர்வோ மிக எளிது: சேவையை நிறுத்தி, அக்கோப்பின் பெயரைக் கட்டளை ஒன்றினால் மீண்டும் பதிவு செய்து, சேவையைத் தொடங்கினால் போதும். ஆனால் கோப்பு மாறிய செய்தியே அறியாதவர் அதன் பெயரைப் பதிவு செய்ய வேண்டும் என்று எங்ஙனம் அறிவார்?

அடுத்த ஆண்டில் கான்பிக்கர் வந்தது. 2008ஆம் ஆண்டு அக்டோபர் 23ஆம் நாள் திருத்தம் வெளிவந்தது, நவம்பரில் புழு வந்தது, பழைய கதைதான். புதுமை யாதெனில், அதன் பின்வந்த வடிவங்கள் நுழைந்தவுடன் புதுப்பிப்புச் சேவையை நிறுத்திவிட்டன. காவற்காரனை முதலில் கட்டிப்போடும் திருடனின் முறை.

2012இல் நடந்தது இதனினும் நுட்பமானது. அவ்வாண்டு மே மாத இறுதியில் பிளேம் என்னும் ஒற்று நிரல் வெளிப்பட்டது. ஈரானிலும் மத்திய கிழக்கின் பிற நாடுகளிலும் அது பல கணினிகளில் மறைந்திருந்தது. அது காவற்காரனைக் கட்டிப்போடவில்லை. காவற்காரனின் உடுப்பை அணிந்து வந்தது. திருத்தம் ஒவ்வொன்றும் மைக்ரோசாப்டின் மின்கையொப்பத்தோடு வருவதாலேயே எஞ்சின் அதனை ஏற்கின்றது. பிளேமை ஏவியவர்கள், மென்பொருள் உரிமங்களைக் கணக்கிடுவதற்கென்று அந்நிறுவனம் வழங்கிவந்த ஒரு சிறு சான்றிதழ் முறையைப் பற்றிக்கொண்டனர். அம்முறை எம்டி5 என்னும் பழைய கணக்கினை நம்பியிருந்தது. இரு வேறு ஆவணங்களுக்கு ஒரே கைரேகை அமையுமாறு எம்டி5ஐ ஏமாற்ற இயலும் என்று சீனக் கணித அறிஞர் வாங் சியாவ்யுன் அம்மையாரும் அவர்தம் குழுவினரும் 2004ஆம் ஆண்டிலேயே காட்டியிருந்தனர். எட்டு ஆண்டுகள் கழிந்தும் அது ஒரு மூலையில் பயன்பட்டுக்கொண்டிருந்தது. பிளேமில் கையாளப்பட்ட ஏமாற்றுக் கணக்கு அதுவரை வெளியுலகம் அறியாத புதுவகை என்று நெதர்லாந்தின் சிடபிள்யூஐ ஆய்வுக்கழகத்தார் ஆராய்ந்து கூறினர். ஒரு வலையில் தொற்றிய கணினி, அக்கம்பக்கத்துக் கணினிகளிடம் தன்னையே புதுப்பிப்புத் தளமாகக் காட்டிக்கொண்டது. அவற்றின் எஞ்சின்கள் கையொப்பத்தைச் சரிபார்த்தன, மெய்யென்று கண்டன, ஏற்றின.

ஜூன் 3ஆம் நாள் நிறுவனத்தார் அச்சான்றிதழ்களை விலக்கினர். அவ்வாறு விலக்கும் திருத்தம் எவ்வழியே உலகக் கணினிகளை அடைந்தது தெரியுமா? அதே விண்டோஸ் அப்டேட் வழியேதான். பூட்டின் மேல் ஐயம் எழுந்தபோதும் புதுப்பூட்டு அக்கதவின் வழியாகவே வர வேண்டியிருந்தது. அம்மாதமே புதுப்பிக்கும் கோப்புகளும் மாற்றப்பட்டு, வேறெந்தச் சான்றிதழையும் ஏற்காதவாறு இறுக்கப்பட்டன.

2015ஆம் ஆண்டு ஜூலையில் விண்டோஸ் 10 வந்தபோது, வீட்டுப் பதிப்பினருக்கு அந்தப் பழைய நான்கு வழிகளும் இல்லாது போயின. திருத்தம் வரும், ஏறும். 2019ஆம் ஆண்டு மே மாதப் பதிப்பில்தான், ஏழு ஏழு நாட்களாக முப்பத்தைந்து நாட்கள் வரை தள்ளி வைக்கும் உரிமை அவர்களுக்கு வந்தது. இதற்கிடையில் புதிய கோப்பு ஒன்றும் சேர்ந்திருந்தது. அதன் பெயரிலேயே மெடிக், அதாவது மருத்துவர், என்னும் சொல் உண்டு. புதுப்பிக்கும் கோப்புகள் சிதைந்தால் அவற்றைச் சீர்செய்வதே அதன் வேலை. உடையவர் புதுப்பிப்புச் சேவையைத் தாமே நிறுத்தி வைத்தாலும் அதனைச் சிதைவென்றே கொண்டு மீண்டும் எழுப்பிவிடும். சாதாரணப் பயனர் அம்மருத்துவரை நிறுத்த முயன்றால் அனுமதி மறுக்கப்படும். 2007இல் ஓசையின்றி நடந்தது, இப்பொழுது பெயர்ப்பலகை மாட்டிக்கொண்டு நடைபெறுகின்றது.

எக்ஸ்பியின் ஆதரவு 2014ஆம் ஆண்டு ஏப்ரல் 8ஆம் நாள் முடிந்தது. 2020ஆம் ஆண்டு ஆகஸ்டில், பழைய எஸ்எச்ஏ-1 கணக்கினை நம்பிய புதுப்பிப்பு வாயில்களும் அடைக்கப்பட்டன. அதன்பின் எக்ஸ்பியின் எஞ்சின் கேட்டாலும் விடையில்லை. எங்கள் பள்ளிப் பண்டக அறையில் அத்தகைய கணினி ஒன்று உண்டு. சென்ற விடுமுறையில் அதனைச் சில நாட்கள் வலையோடு இணைத்து ஓடவிட்டுப் பார்த்தேன். அதன் விண்டோஸ் கோப்புறையில், புதுப்பித்தல் பற்றிய நாட்குறிப்பாக ஓர் எழுத்துக் கோப்பு இருக்கின்றது. அதில் நாளும் மணியும் குறித்து, எஞ்சின் வாயிலைத் தேடிச் சென்றதும், வெறுங்கையோடு திரும்பியதும், மறுமுறை எப்போது செல்வது என்று தனக்கே நேரம் வைத்துக்கொண்டதும் வரிவரியாகப் பதிவாகியிருந்தன.