பூட்டும் சாவியும்



வங்கியில் ஸ்ட்ராங் ரூமுக்கு இரண்டு சாவி. கேஷியரிடம் ஒன்று, அதிகாரியிடம் ஒன்று. இரண்டும் சேர்ந்தால்தான் திறக்கும். விடுமுறைக்கு வந்த பேரன், "தாத்தா, கீ ஃபைல் இல்லாம கேம் ஓடமாட்டேங்குது" என்றபோது அதுதான் நினைவுக்கு வந்தது.

1989-ல் வந்த கேம் பாயில் இந்தத் தொல்லை இல்லை. கார்ட்ரிட்ஜில் இருப்பதை நகலெடுத்தால் கணினியில் எமுலேட்டர் ஓட்டிவிடும். 2011-ன் 3டிஎஸ், 2017-ன் ஸ்விட்ச் கருவிகளுக்கு நிண்டெண்டோ விளையாட்டையே பூட்டி விற்றது. திறக்கும் சாவி கருவிக்குள்ளே. யூசு என்ற ஸ்விட்ச் எமுலேட்டர் சாவியைத் தரவில்லை. உங்கள் கருவியிலிருந்து நீங்களே எடுத்துக்கொள்ளுங்கள் என்றது. கெட்டிக்கார ஏற்பாடுதான்! 2024 பிப்ரவரியில் அமெரிக்காவின் ரோட் ஐலண்ட் நீதிமன்றத்தில் நிண்டெண்டோ வழக்குத் தொடர்ந்தது. ஒரே வாரத்தில் சமரசம்: 24 லட்சம் டாலர். யூசு போயிற்று, அதே குழுவின் 3டிஎஸ் எமுலேட்டர் சிட்ராவும் போயிற்று. சொந்தக் கருவியின் சாவியை எடுக்கலாமா என்று அந்த வழக்கில் நீதிபதி சொல்ல வாய்ப்பே வரவில்லை.

நம் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-ல் 65ஏ பிரிவு சேர்ந்தது. உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைத்தால் இரண்டாண்டு வரை சிறை, அபராதமும் உண்டு. 'நோக்கத்தோடு' என்ற சொல்லைக் கவனியுங்கள்.

பேரனிடம் ஸ்விட்சே கிடையாது. யாருடைய சாவியையோ இறக்கப் பார்த்தான், நான் விடவில்லை. இரண்டு நாளாகப் பேசுவதில்லை.