ஷாங்காய் டிராகன்ஸ்: 2018 பருவம்

ஷாங்காய் டிராகன்ஸ், ஓவர்வாட்ச் லீக் என்னும் மின்விளையாட்டுத் தொடரில் சீனத்தின் நெட்ஈஸ் நிறுவனம் களமிறக்கிய அணி. 2018இல் நடந்த முதல் பருவத்தில் 12 அணிகள் அட்லாண்டிக், பசிபிக் என இரு பிரிவுகளாக ஆடின. பசிபிக் பிரிவில் இடம்பெற்ற டிராகன்ஸ் 40 ஆட்டங்களிலும் தோற்றுக் கடைசி இடம் பிடித்தது. ஒற்றை வெற்றிகூட இல்லை. ஜனவரியில் முதல் ஆட்டத்திலேயே லாஸ் ஏஞ்சலஸ் கிளாடியேட்டர்ஸிடம் 0–4 எனச் சரிந்தது. பிறகு எழவே இல்லை. அதே பிரிவில் அடுத்து மோசமாக ஆடிய டல்லாஸ் ஃபியூல்கூட 12 வெற்றிகள் பெற்றிருந்தது.

பிப்ரவரியில் கொரிய வீரர்களைச் சேர்த்தார்கள்; அவர்களுள் கிம் சே-இயோன் (ஆட்டப்பெயர் கெகுரி) லீக்கின் முதல் பெண் வீரர். எனினும் பருவத்தின் நடுவே, சீனமும் கொரியமும் பேசும் கலப்பு அணியாக மாறிய குழுவில் ஒருங்கிணைப்பு எளிதில் அமையவில்லை. ஓவர்வாட்ச் அப்போது ஆறு பேர் நொடிக்கு நொடி பேசிக்கொண்டே ஆட வேண்டிய ஆட்டமாக இருந்தது.

அடுத்த பருவத்தின் முதலிரு ஆட்டங்களையும் சேர்த்துத் தொடர் தோல்விகள் 42 ஆயின. 2019 பிப்ரவரியில் பாஸ்டன் அப்ரைசிங்கை வென்று அந்த வரிசையை முறித்த டிராகன்ஸ், 2021 இறுதிப் போட்டியில் அட்லாண்டா ரெயினை 4–0 என வீழ்த்திச் சாம்பியன் ஆனது.