மேபலின் பதில்

1972இல் பம்பாயில் தலித் பேந்தர் எழுந்தபோது அமெரிக்கக் கறுப்புச் சிறுத்தைகளின் பெயரை நாம் எடுத்துக்கொண்டோம். அவர்களின் வீடுகளை நாம் அதிகம் பார்த்ததில்லை. அச்சிறுத்தைகளோடு சில காலம் இருந்த ஸ்டோக்லி கார்மைக்கேலும் நமக்கு மேடை மனிதரே. 1966இல் மிசிசிப்பியில் 'கறுப்பு அதிகாரம்' என முழங்கியவர்.

அவர் வீட்டுக்குள் நம்மை அழைத்துப்போவது சுவீடன் தொலைக்காட்சியின் பழைய படச்சுருள். காப்பகத்தில் பல்லாண்டு கிடந்த இத்தகைய சுருள்களைத் தொகுத்து, யோரான் ஹியூகோ ஓல்சன் 2011இல் 'பிளாக் பவர் மிக்ஸ்டேப்' ஆவணப்படத்தை வெளியிட்டார்.

அதில் கார்மைக்கேலின் தாய் மேபல் சோபாவில் அமர்ந்திருக்கிறார். சுவீடன்காரர்கள் கேட்டவற்றுக்கு அளந்துதான் பேசுகிறார். மகன் ஒலிவாங்கியைத் தானே வாங்கி, பக்கத்தில் உட்காருகிறார். வறுமையைப் பற்றிக் கேட்கிறார். அப்பா தச்சர், ஆட்குறைப்பு என்றால் முதலில் வெளியேற்றப்பட்டவர் அவர்தான். ஏன் அம்மா? தாய் தயங்குகிறார். மகன் விடவில்லை. கறுப்பர் என்பதால் என்கிறார் தாய், கடைசியில்.

மகனுக்கு விடை தெரியாதா என்ன! அது தாயின் வாயால் பதிவாக வேண்டியிருந்தது. ஊர் அதிர முழங்குபவர் என்று பெயரெடுத்தவர், அந்தச் சோபாவில் குரலை உயர்த்தவே இல்லை.